டாக்குரியாவிலிருந்து கே.எஸ். கிருஷ்ணன் ஐயாவுக்கு

மதிப்பிற்குரிய கே.எஸ். கிருஷ்ணன் ஐயா அவர்களுக்கு,

நீங்கள் காலமாகி அறுபது ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டது. போய்ச் சேராது என்று தெரிந்தே எழுதுகிற மடல் இது. வழியில் யார் வேண்டுமானாலும் படித்துக்கொள்ளட்டும் என்று உறையை ஒட்டாமல் விட்டிருக்கிறேன்.

நான் கொல்கத்தாவில், டாக்குரியாவில் குடியிருக்கிறேன். மேல்நிலைப் பள்ளிப் பிள்ளைகளுக்கு வீட்டிலேயே இயற்பியல் டியூஷன் எடுக்கிறேன். வருகிறவர்கள் பெரும்பாலும் வங்காளிப் பிள்ளைகள். பரீட்சைக்கு வருகிற கேள்விகளைவிட வராத கேள்விகளில்தான் அவர்களுக்கு ருசி அதிகம். அப்படி வந்த கேள்விகளில் ஒன்று, ஓடும்போது தரையைத் தொடாத ரயிலைப் பற்றியது. ஜப்பான்காரன் ஓட்டுகிறானாமே, சீனாக்காரன் ஓட்டுகிறானாமே, எப்படி மிஸ்? அதற்குப் பதில் தேடிப் போன வழியில்தான் உங்களைச் சந்தித்தேன். சி.வி. ராமனோடு சேர்ந்து வேலை செய்தவர் என்ற ஒற்றை வரியாகத்தான் அதுவரை உங்களைத் தெரியும்.

முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நீங்கள் மிதக்கும் ரயிலைக் கண்டுபிடிக்கவில்லை. 'மேக்லெவ் ரயிலைத் தந்த தமிழர்' என்று இன்னும் வாட்ஸ்அப்பில் வராதது ஆச்சரியம்தான். வந்தால் நீங்களே முதலில் மறுப்பீர்கள். காந்தத்தால் மிதக்கும் ரயிலுக்கு 1934இல் காப்புரிமை வாங்கியவர் ஜெர்மனியின் ஹெர்மன் கெம்பர். அதே 1934இல் நீங்கள் கல்கத்தாவில் இருந்துகொண்டு, கிராஃபைட்டின் காந்தக் குணம் பற்றி 'நேச்சர்' இதழில் ஒரு சின்னக் குறிப்பு வெளியிட்டீர்கள். இந்த இரண்டுக்கும் நேரடித் தொடர்பு எதுவும் கிடையாது. ஆனால் என் மேசை மேல் ஒன்று மிதப்பதற்குக் காரணம் கெம்பர் சொன்னதல்ல, நீங்கள் அளந்தது. அதற்காகத்தான் இந்த நன்றி.

வத்திராயிருப்பில் 1898 டிசம்பர் 4 அன்று பிறந்தீர்கள். ஸ்ரீவில்லிபுத்தூரில் பள்ளி, மதுரை அமெரிக்கன் கல்லூரி, சென்னை கிறிஸ்தவக் கல்லூரி, அதன் பிறகு 1920இல் கல்கத்தா. கிறிஸ்தவக் கல்லூரியில் செய்முறை கற்பிப்பவராக இருந்தபோது, மதியச் சாப்பாட்டு நேரத்தில் நீங்கள் பிள்ளைகளோடு உட்கார்ந்து பேசுவீர்களாம். வேறு கல்லூரிப் பிள்ளைகளும் கேட்க வருவார்களாம். டியூஷன் நடத்துகிறவளுக்கு இந்த ஒரு தகவல் போதும், உங்கள் மேல் பாசம் வர.

பௌபஜார் தெரு 210ஆம் எண் கட்டடத்தில், மகேந்திரலால் சர்க்கார் 1876இல் தொடங்கிய இந்திய அறிவியல் வளர்ச்சிக் கழகத்தில் ராமனிடம் சேர்ந்தீர்கள். 1928இல் அங்கே ராமன் விளைவு கண்டறியப்பட்டது ஊருக்கே தெரியும். அதற்குக் கிடைத்த நோபல் பரிசு யாருக்குச் சேர வேண்டும் என்ற சண்டைக்குள் நான் போகவில்லை. அந்தச் சண்டையே உங்கள் மிச்ச வேலையை மறைத்துவிட்டது என்பது என் வருத்தம். 1928 கடைசியில் நீங்கள் டாக்கா பல்கலைக்கழகத்துக்குப் போனீர்கள். சத்யேந்திரநாத் போஸ் இருந்த துறை. அங்கேதான் ஒளியை விட்டுக் காந்தத்தின் பக்கம் திரும்பினீர்கள். 1933இல் மகேந்திரலால் சர்க்கார் பெயரில் அமைந்த பேராசிரியர் பதவிக்காகக் கல்கத்தா திரும்பி, 1942 வரை இருந்தீர்கள். நீங்கள் போன பிறகு அந்தக் கழகம் பௌபஜாரிலிருந்து ஜாதவ்பூருக்குக் குடிபெயர்ந்தது. டாக்குரியா ஸ்டேஷனுக்கு அடுத்த ஸ்டேஷன் ஜாதவ்பூர். நீங்கள் நடமாடிய கட்டடம் அதுவல்ல. ஆனாலும் அந்தச் சுற்றுச்சுவரை ஒட்டிப் போகும்போதெல்லாம் உங்கள் பெயர் மனதில் ஓடுகிறது.

உங்கள் பரிசோதனையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். நன்றி சொல்கிறவள் எதற்கு என்று சொல்லாமல் போனால் அது மேடைப் பாராட்டாகிவிடும்.

காந்தம் என்றால் இரும்பை இழுப்பது, அவ்வளவுதான் என்று நினைக்கிறோம். ஆனால் தண்ணீர், மரக்கட்டை, நம் விரல், சர்க்கரை எல்லாமே காந்தத்தை மிக மிக மெல்ல விலக்குகின்றன. ஃபாரடே 1845இல் இதைக் கண்டார். விலக்கம் அவ்வளவு பலவீனம் என்பதால், இதை வைத்து என்ன செய்வது என்று பலரும் விட்டுவிட்டார்கள். நீங்கள் விடவில்லை. ஒரு படிகத்துக்குள் அணுக்கள் ஒழுங்காக அடுக்கப்பட்டிருந்தால், ஒரு திசையில் விலக்கம் கூடுதலாகவும் இன்னொரு திசையில் குறைவாகவும் இருக்க வேண்டும். அந்த வித்தியாசத்தை அளந்தால் உள்ளே அணுக்கூட்டம் எப்படிப் படுத்திருக்கிறது என்று வெளியிலிருந்தே சொல்லலாம் என்று கணக்குப் போட்டீர்கள்.

சில மில்லிகிராம் எடையுள்ள படிகத்தை மெல்லிய குவார்ட்ஸ் இழையின் நுனியில் ஒட்டி, சீரான காந்தப் புலத்தின் நடுவே தொங்கவிட்டீர்கள். புலம் எல்லா இடத்திலும் ஒரே அளவாக இருப்பதால் படிகத்தை எந்தப் பக்கமும் இழுக்காது. அதைத் திருப்ப மட்டும்தான் முடியும். படிகம் தனக்கு வசதியான திசையில் போய் நின்றுகொள்ளும். இப்போது இழையின் மேல்முனையைத் திருக வேண்டும். இழை முறுகும், படிகமும் கூடவே திரும்பப் பார்க்கும், காந்தம் விடாது. இன்னும் திருகினால் படிகம் கொஞ்சம் விலகும், இன்னும் கொஞ்சம். 45 டிகிரியை எட்டும்போது காந்தத்தின் பிடி அதன் உச்சத்தில் இருக்கும். அதற்கு மேல் ஒரு மயிரிழை திருகினாலும் போதும், படிகம் சட்டென்று பிடியை உதறிவிட்டுச் சுழன்றுவிடும். மேல்முனையை எத்தனை டிகிரி திருகியபோது அது நடந்தது என்று குறித்துக்கொண்டால், இரண்டு திசைகளுக்கும் உள்ள காந்த வித்தியாசம் கணக்கில் வந்துவிடும். எஸ். பானர்ஜியோடு சேர்ந்து நீங்கள் வகுத்த முறை இது. எத்தனை எளிமை! தராசு கிடையாது, பெரிய இயந்திரம் கிடையாது. ஒரு நூல், ஒரு துணுக்கு, ஒரு கோணமானி, நிறையப் பொறுமை. மழைக்காலக் கல்கத்தாவின் புழுக்கத்தில் மின்விசிறிக் காற்றுக்கே ஆடிப்போகிற இழையை வைத்துக்கொண்டு இதைச் செய்தீர்கள் என்று நினைத்தால் எனக்கு வியர்க்கிறது. 1936இல் லண்டனின் கேத்லீன் லான்ஸ்டேலோடு சேர்ந்து நீங்கள் எழுதிய கட்டுரையில், எக்ஸ் கதிர்கள் சொன்ன அணு அடுக்கையும் உங்கள் காந்த அளவுகளையும் பொருத்திக் காட்டினீர்கள்.

கிராஃபைட்டிலும் இப்படித்தான் இறங்கினீர்கள். பென்சில் கரி. அதில் கார்பன் அணுக்கள் அறுகோண வலைகளாக, தாள் மேல் தாளாகக் கிடக்கின்றன. தாளின் போக்கிலேயே காந்தம் வைத்தால் விலக்கம் மற்றப் பொருள்களைப் போலச் சாதாரணம். தாளுக்குச் செங்குத்தாக வைத்தால் விலக்கம் சுமார் 40 மடங்கு! எலெக்ட்ரான்கள் தாளுக்குள் தங்கு தடையின்றி ஓடுகின்றன, தாள் விட்டுத் தாள் தாவ மட்டும் தயங்குகின்றன என்று நீங்களும் என். கங்குலியும் விளக்கினீர்கள். இன்று கிராஃபீன் என்று ஒற்றைத் தாளைப் பிரித்தெடுத்து உலகமே கொண்டாடுகிற விஷயத்தின் வாசலில் அப்போதே நின்றிருக்கிறீர்கள்.

என் மேசைக்கு வருகிறேன். நான்கு நியோடிமியம் காந்தக் கட்டிகளை, வடக்கும் தெற்கும் மாறி மாறி மேலே வரும்படி சதுரமாக ஒட்டி வைத்திருக்கிறேன். அதன் மேல் தபால்தலை அளவில், நகத்தைவிட மெல்லிய பைரோலிட்டிக் கிராஃபைட் தகடு ஒன்று. தாள்கள் எல்லாம் ஒரே பக்கம் படுத்திருக்கும்படி தயாரித்த கிராஃபைட் அது. நீங்கள் சொன்ன 40 மடங்குத் திசை மேலும் கீழுமாக அமைகிறது. வைத்தால் நிற்கும், காற்றில். உயரம் ஒரு மில்லிமீட்டர் இருக்கும். பார்க்கிறவர்களுக்குச் சந்தேகம் வந்தால் ஒரு தாளை அடியில் நுழைத்து மறுபக்கம் இழுத்துக் காட்டுவேன். பென்சில் நுனியால் ஒரு மூலையை அழுத்தினால் சாயும், விட்டால் திரும்ப நிமிரும். ஊதினால் சுற்றும். மின்சாரம் இல்லை, பேட்டரி இல்லை, குளிர்விப்பு இல்லை. பிள்ளைகள் முதலில் சிரிப்பார்கள், பிறகு செல்போனை எடுப்பார்கள், அதன் பிறகுதான் கேள்வி கேட்பார்கள்.

இது ஏன் அதிசயம் என்று அவர்களுக்கு இன்னொரு சோதனையில் காட்டுவேன். இரண்டு காந்தங்களின் ஒத்த முனைகளை எதிரெதிரே வைத்து ஒன்றை மிதக்க வைக்கச் சொல்வேன். முடியாது. நழுவும், அல்லது குப்புறக் கவிழ்ந்து ஒட்டிக்கொள்ளும். கை நடுங்கியதால் அல்ல. நிலையான காந்தங்களை எப்படி அடுக்கினாலும் இன்னொரு நிலையான காந்தத்தை அந்தரத்தில் உறுதியாக நிறுத்த முடியாது என்று 1842இல் சாமுவேல் எர்ன்ஷா கணக்காகவே நிரூபித்துவிட்டார். பக்கவாட்டில் பிடித்தால் மேலே கீழே ஓடும். மேலே கீழே பிடித்தால் பக்கவாட்டில் ஓடும். விதிவிலக்கு, காந்தத்தை விலக்கும் பொருள். அதன் காந்தத்தன்மை தன்னுடையது அல்ல, எதிரே இருப்பதற்கு எதிர்வினையாகத் தோன்றுவது. எங்கே நகர்ந்தாலும் புலம் குறைந்த இடத்துக்கே அது திரும்பி வரும். ஜெர்மனியில் வெர்னர் பிரவுன்பெக் 1939இல் பிஸ்மத், கிராஃபைட் துணுக்குகளை மின்காந்தத்தில் மிதக்கவிட்டு இதை நடத்திக் காட்டினார். 1997இல் நெதர்லாந்தின் நைமேகனில் ஆந்த்ரே கைமும் நண்பர்களும் ஒரு தவளையையே மிதக்கவிட்டார்கள். தவளை முக்கால்வாசி தண்ணீர்தானே. அதற்கு சுமார் 16 டெஸ்லா புலம் வேண்டியிருந்தது. இங்கே மருத்துவமனைகளில் எம்.ஆர்.ஐ. எடுக்கும் பொறியில் வழக்கமாக இருப்பது 1.5 டெஸ்லா.

"அப்படியென்றால் இதை வைத்து ரயில் ஓட்டலாமா மிஸ்?" என்று ஒருத்தி கேட்டாள். ஓட்ட முடியாது. இந்தத் தகடு தன்னைத் தாங்குவதற்கே எல்லாவற்றையும் செலவழித்துவிடுகிறது. ரயிலைத் தூக்க வேறு வழி வேண்டும். இரண்டு வழிகள் நடைமுறைக்கு வந்தன.

ஷாங்காயில் ஓடுவது ஜெர்மானிய வழி. 2004இல் வணிகச் சேவை தொடங்கியது. நகரின் லோங்யாங் சாலையிலிருந்து புதோங் விமான நிலையத்துக்கு 30 கிலோமீட்டர், சுமார் எட்டு நிமிடம், அன்றைய உச்ச வேகம் மணிக்கு 431 கிலோமீட்டர். ரயிலின் இரு ஓரங்களும் தண்டவாளப் பாலத்தைக் கட்டிப்பிடித்தபடி அடியில் மடங்கி இருக்கும். அந்த மடிப்பில் உள்ள மின்காந்தங்கள் பாலத்தின் அடிப்பக்க இரும்பை நோக்கி மேலே ஈர்க்கப்படும். அதாவது ரயில் கீழிருந்து தள்ளப்படவில்லை, மேலே இழுக்கப்படுகிறது. ஈர்ப்பில் இருக்கிற சங்கடம் எர்ன்ஷா சொன்னதுதான்: நெருங்கினால் இழுப்பு கூடி ஒட்டிக்கொள்ளும், விலகினால் இழுப்பு குறைந்து விழும். எனவே சுமார் 10 மில்லிமீட்டர் இடைவெளியை உணரிகள் ஓயாமல் அளந்து, காந்தத்தின் மின்சாரத்தை நொடிக்கு ஆயிரக்கணக்கான முறை கூட்டிக் குறைத்துக்கொண்டே இருக்க வேண்டும். கணினி தூங்கினால் ரயில் விழும். இது எனக்கு அவ்வளவாகப் பிடித்த வழி அல்ல. பொறியாளர்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது.

ஜப்பானிய வழிதான் உங்களுக்குச் சொந்தக்கார வழி. அமெரிக்காவின் புரூக்ஹேவன் ஆய்வகத்தில் ஜேம்ஸ் பவலும் கோர்டன் டான்பியும் வகுத்து 1960களின் பிற்பகுதியில் காப்புரிமை பெற்ற யோசனை அதன் வேர். ரயிலில் மீக்கடத்திக் காந்தங்கள், அதாவது மின்தடையே இல்லாத கம்பியில் சுற்றியவை. பாதையின் இருபுறச் சுவர்களில் எட்டு என்ற எண்ணின் வடிவில் வளைத்த கம்பிச் சுருள்கள். மிதப்பதற்கான இந்தச் சுருள்களுக்கு மின்சார இணைப்பே கிடையாது. காந்தம் வேகமாகக் கடக்கும்போது சுருளுக்குள் தானாக மின்னோட்டம் கிளம்புகிறது, தன்னைக் கிளப்பிய மாற்றத்தை எதிர்க்கும் திசையில். ரயில் எட்டின் மையத்துக்குக் கீழே தாழ்ந்தால் கீழ் வளையம் மேலே தள்ளும், மேல் வளையம் மேலே இழுக்கும். ரயில் சரியாக மையத்திலேயே இருந்தால் இரண்டு வளையங்களும் ஒன்றையொன்று சமன்செய்துகொண்டு சும்மா இருக்கும். உணரி இல்லை, ஓயாத கணக்கு இல்லை. மாற்றம் வந்தால் எதிர்ப்பு, வராவிட்டால் அமைதி. அணுவுக்குள் சுற்றும் எலெக்ட்ரான்கள் வெளிக் காந்தத்தை எதிர்ப்பதை இயற்பியல் முதலில் விளக்கியதும் இதே கணக்கில்தான். படிகத்துக்குள் நீங்கள் அளந்த அந்த அற்ப எதிர்ப்பை, கம்பியிலும் கான்கிரீட்டிலும் கிலோமீட்டர் கணக்கில் கட்டி எழுப்பினால் கிடைப்பது அந்தப் பாதை. இதை நான் பிள்ளைகளுக்குச் சொல்லும்போது கொஞ்சம் கூடுதலாக உணர்ச்சிவசப்பட்டுவிடுகிறேன் என்று என் வீட்டுக்காரர் சொல்வார்.

எதிர்ப்பு கிளம்ப வேகம் வேண்டும். நின்றுகொண்டிருக்கும் ரயிலைச் சுருள்கள் கண்டுகொள்ளாது. அதனால் மணிக்கு சுமார் 150 கிலோமீட்டர் எட்டும்வரை அந்த ரயில் ரப்பர் சக்கரத்தில் ஓடி, பிறகு விமானம் போலச் சக்கரத்தை உள்ளிழுத்துக்கொள்கிறது. மிதக்கும் உயரம் சுமார் 10 சென்டிமீட்டர். நிலநடுக்க நாட்டுக்கு அந்த இடைவெளி தேவை. காந்தக் கம்பி நியோபியம் டைட்டானியம் கலவை. திரவ ஹீலியத்தில் மைனஸ் 269 டிகிரி செல்சியஸ் குளிரில் முக்கி வைத்தால், ஒருமுறை செலுத்திய மின்னோட்டம் தடையில்லாமல் சுற்றிக்கொண்டே இருக்கும். டாக்குரியாவில் எம்.ஆர்.ஐ. குழாய்க்குள் படுத்து எழுந்தவர்கள் இதே கம்பிக்கும் இதே ஹீலியத்துக்கும் நடுவில்தான் படுத்திருந்தார்கள். நீங்கள் டாக்காவிலிருந்து கல்கத்தா திரும்பிய அதே 1933இல்தான், மீக்கடத்தி தன் உடலுக்குள்ளிருந்து காந்தப் புலத்தையே வெளியேற்றிவிடும் என்று மைஸ்னரும் ஓக்ஸன்ஃபெல்டும் பெர்லினில் கண்டார்கள். பலவீனத்தின் கடைசியில் கிடந்த விலக்கத்துக்கு முழுமையான ஒரு வடிவம் உண்டு என்று தெரிந்த வருடம் அது. 1947இல் டெல்லி தேசிய இயற்பியல் ஆய்வகத்தின் முதல் இயக்குநரானீர்கள். 1950களின் தொடக்கத்தில் அங்கே ஹீலியத்தைத் திரவமாக்கும் கருவியை நிறுவினீர்கள். நம் நாட்டில் அந்தக் குளிரைத் தொட்ட முதல் இடங்களில் அது ஒன்று. அதற்கும் சேர்த்து நன்றி.

மிதப்பது பாதி. முன்னே தள்ளுவது மீதி. எங்கள் வீட்டு மாடிப்படிக்கு அடியில் பழைய மின்மீட்டர் ஒன்று இருக்கிறது, கண்ணாடிக்குள் அலுமினிய வட்டு சுற்றுகிற ரகம். புது மீட்டர் வந்த பிறகும் கழற்றாமல் விட்டிருக்கிறோம். அந்த வட்டை எதுவும் தொட்டுத் தள்ளவில்லை. இரண்டு கம்பிச் சுருள்கள் நகர்கிற காந்தப் புலத்தை உண்டாக்க, வட்டுக்குள் சுழல் மின்னோட்டம் எழுந்து, வட்டு அந்தப் புலத்தின் பின்னாலேயே ஓடுகிறது. வட்டை வெட்டி நீட்டமான பட்டையாக்கினால், அது சுற்றாமல் நேராக ஓடும். சுழலும் மோட்டாரை இப்படி நேராக்கியதுதான் நேரியல் மோட்டார். ஷாங்காயிலும் ஜப்பானிலும் மோட்டாரின் பாதி ரயிலில், மறுபாதி பாதை நெடுக. பாதையின் சுருள்களில் காந்த அலை முன்னே ஓட, ரயில் அதோடு இழுபட்டு ஓடுகிறது. எந்த இடத்தில் ரயில் இருக்கிறதோ அந்தத் துண்டுக்கு மட்டும் மின்சாரம் போகும். இதனால்தான் மேக்லெவ் பாதைக்கு இவ்வளவு செலவு: எஞ்சினையே தரையில் பரப்பி வைத்திருக்கிறார்கள்.

இங்கே எல்லாரும், பத்திரிகைகளும் சேர்த்துத்தான், ஒரு தவறான காரணம் சொல்கிறார்கள். தொடாமல் ஓடுவதால் உராய்வு இல்லை, அதனால் வேகம் என்று. டாக்குரியா பிளாட்பாரத்தில் நின்று கானிங் லோக்கலோ டயமண்ட் ஹார்பர் லோக்கலோ வந்து நிற்பதைப் பார்த்தால் தெரியும். எஃகுச் சக்கரம் எஃகுத் தண்டவாளத்தைத் தொடும் இடம் சுண்டுவிரல் நகத்தளவுதான். ஒரு டன் எடையைச் சமதளத்தில் உருட்டிக்கொண்டு போக ஓரிரு கிலோ எடைக்குச் சமமான விசை போதும். சக்கரம் ஏற்கெனவே மகா கெட்டிக்காரத்தனமான கருவி. வேகமாகப் போகும்போது எதிரி காற்று; வேகம் இரட்டிப்பானால் காற்றின் எதிர்ப்பு நான்கு மடங்கு, அதை வெல்லத் தேவையான திறன் எட்டு மடங்கு. மிதந்தாலும் அந்தக் காற்று விடாது. 2007 ஏப்ரல் 3 அன்று பிரான்சில் சக்கர ரயில் ஒன்று மணிக்கு 574.8 கிலோமீட்டர் ஓடியது. 2015 ஏப்ரல் 21 அன்று ஜப்பானின் யாமனாஷி சோதனைப் பாதையில் மிதக்கும் ரயில் 603 ஓடியது. வித்தியாசம் 30 கிலோமீட்டர்கூட இல்லை. ஆனால் பிரெஞ்சு ரயில் அதை ஒரு நாள் செய்து காட்டியது. தினமும் செய்தால் சக்கரமும் தண்டவாளமும் மேலே கம்பியை உரசும் பாண்டோகிராஃபும் தேய்ந்து போகும். தொடாததன் லாபம் தேய்மானத்திலும், வழுக்காமல் வேகமெடுப்பதிலும் இருக்கிறது. இது டியூஷனில் நான் அழுத்திச் சொல்கிற விஷயம். நீங்களும் ஒப்புக்கொள்வீர்கள் என்று நினைக்கிறேன்.

எங்கள் சியால்டா தெற்குப் பிரிவுக்கு மேக்லெவ் வேண்டுமா என்று யாராவது கேட்டால், வேண்டாம் என்பேன். பாலிகஞ்ச், டாக்குரியா, ஜாதவ்பூர், பாகாஜதீன் என்று ஓரிரு கிலோமீட்டருக்கு ஒரு நிறுத்தம். வேகமெடுப்பதற்குள் பிரேக் பிடிக்க வேண்டும். அதிகாலை லோக்கலில் மீன் கூடையும் கீரைக் கட்டும் ஏறும், வீட்டு வேலைக்குப் போகிற பெண்கள் ஏறுவார்கள், டிக்கெட் ஐந்து ரூபாயிலிருந்து. அந்த ரயிலுக்குத் தேவை இன்னும் நாலு பெட்டியும் நேரத்துக்கு வருவதும்தான். மிதக்கும் ரயிலுக்கு ஏற்றது நடுவில் எங்கும் நிற்காத தொலைதூரம். அதிலும் ஜப்பானைப் பாருங்கள்: டோக்கியோவிலிருந்து நாகோயாவுக்கு 286 கிலோமீட்டர், 40 நிமிடப் பயணம், பாதையில் கிட்டத்தட்ட 86 சதவீதம் சுரங்கம். 2027இல் ஓட வேண்டியது. ஷிசுவோகா மாநிலத்தில் சுரங்கம் தோண்டினால் ஓயி ஆற்றின் நீர் என்ன ஆகும் என்ற சர்ச்சையில் பணி தடைபட்டு, இப்போது 2034க்கு முன்னால் இல்லை என்கிறார்கள். ஹீலியத்தை மைனஸ் 269 டிகிரியில் வைத்திருக்கத் தெரிந்தவர்களுக்கு ஆற்றுத் தண்ணீரின் கணக்கு ஆண்டுக்கணக்கில் தீராமல் இருந்தது.

உங்கள் ஊர்ப் பக்கத்துச் செய்தி ஒன்றும் சொல்ல வேண்டும். சென்னை ஐ.ஐ.டி.யில் 'ஆவிஷ்கார்' என்ற மாணவர் குழு, காற்றையே குறைத்த குழாய்க்குள் வண்டியை மிதக்கவிட்டு ஓட்டுகிற ஹைப்பர்லூப்பில் இறங்கியிருக்கிறது. தையூர் வளாகத்தில் 422 மீட்டர் நீளச் சோதனைக் குழாய் கட்டியிருக்கிறார்கள். எதிரி காற்று என்பதைச் சரியாகப் புரிந்துகொண்ட முயற்சி. வணிக ரீதியில் ஓடுமா என்பதில் எனக்குச் சந்தேகம் உண்டு. ஊர் ஊராகக் காற்றில்லாக் குழாய் போட்டுப் பராமரிப்பது லேசான வேலை அல்ல. ஆனால் பிள்ளைகள் கையில் கருவி பிடித்துச் செய்து பார்க்கிறார்கள். வத்திராயிருப்பிலிருந்து கல்கத்தாவுக்கு வந்துதான் ஆராய்ச்சி செய்ய முடியும் என்ற நிலைமை இப்போது இல்லை.

ஐயா, உங்களுக்கு நான் சொல்ல வந்த நன்றி இவ்வளவு சுற்றி வந்ததற்கு மன்னியுங்கள். மற்றவர்கள் பயனில்லை என்று தள்ளிய ஒரு விசையை, அதன் பயன் என்ன என்று கேட்காமல் பத்து வருடம் போல நீங்கள் அளந்தீர்கள். அந்த எண்கள் இன்றும் செல்லுபடியாகின்றன. என் மேசைத் தகடு மிதக்கிற உயரத்தை அந்த எண்களிலிருந்து பிள்ளைகளே கணக்கிட முடிகிறது. அளந்து பார்த்தால் கிட்டத்தட்டச் சரியாக வருகிறது. பாடப்புத்தகத்தில் காந்த விலக்கத்துக்குக் கிடைப்பது அரைப் பக்கம்தான். உங்கள் தயவில் என் வகுப்பில் அதற்கு ஒரு முழு மாலை கிடைக்கிறது. இரும்பைத் தவிர மற்றதெல்லாம் காந்தத்துக்குச் சம்பந்தமில்லாதது என்று இனி அவர்கள் யாரும் எழுத மாட்டார்கள். அதற்கு நன்றி. பல்கலைக்கழகப் பேராசிரியராகி, ராயல் சொசைட்டி உறுப்பினராகி, சர் பட்டம் பெற்ற பிறகும் குவார்ட்ஸ் இழையை இழிவாக நினைக்காததற்கும் நன்றி.

போன வாரம் ஒரு பையன் மேசைத் தகட்டை உற்றுப் பார்த்துவிட்டு, இதைச் சூடாக்கினால் என்ன ஆகும் என்று கேட்டான். 2012இல் ஜப்பானில் ஒரு குழுவினர் இதே மாதிரித் தகட்டின் ஓரத்தில் லேசர் ஒளி பாய்ச்சி, சூடேறிய ஓரம் தாழ, தகட்டை வேண்டிய பக்கம் நகர்த்தினார்கள் என்று சொன்னேன். ஏன் தாழ்ந்தது என்று அடுத்த கேள்வி. அதற்கு உங்களையும் கங்குலியையும்தான் கூப்பிட வேண்டியிருந்தது. வெப்பம் ஏற ஏற கிராஃபைட்டின் விலக்கம் குறைகிறது என்று நீங்கள் 1941இலேயே அளந்து எழுதியிருக்கிறீர்களே. அறை வெப்பத்தில் ஒரு எண், சூட்டில் ஒரு எண் கொடுத்திருக்கிறேன். தகடு எத்தனை மைக்ரான் இறங்கும் என்று கண்டுபிடித்துக்கொண்டு வரச் சொல்லியிருக்கிறேன். அடுப்புப் பக்கம் மட்டும் கொண்டுபோகாதே, காந்தம் தன் பலத்தை இழந்துவிடும் என்றும் சொல்லி அனுப்பியிருக்கிறேன்.

இப்படிக்கு,
டாக்குரியாவிலிருந்து ஒரு டியூஷன் டீச்சர்